டவுன்லோட் பக்கத்தின் அந்த ஒற்றை வரி

2011 செப்டம்பர் 15, அண்ணா பிறந்த நாள். திருவள்ளூரை ஒட்டிய காக்களூரில் விலையில்லா மடிக்கணினித் திட்டத்தைத் தொடங்கிவைத்தார் அன்றைய முதல்வர் ஜெயலலிதா. அந்த மடிக்கணினியில் விண்டோஸோடு பாஸ் லினக்ஸும் இருந்தது. டெபியன் லினக்ஸை அடிப்படையாக வைத்துச் சென்னை சி-டாக் உருவாக்கிய இயங்குதளம் அது. விண்டோஸ் படுத்துவிட்டால் ஐஎஸ்ஓ ஃபைலை இறக்கி, பென்டிரைவில் ஏற்றி, 'ஃபார்மட் போடுகிற' வித்தையைப் பிள்ளைகள் எப்படியோ கற்றுக்கொண்டார்கள். ஃபைல் மாறாமல் வந்து சேர்ந்ததா என்று சரிபார்க்க, டவுன்லோட் சுட்டிக்குக் கீழே 64 எழுத்தில் கிடக்கும் எஸ்எச்ஏ-256 வரியை மட்டும் யாரும் சீண்டுவதில்லை.

அந்த வரியின் பூர்விகம் இன்னும் பழையது. ஐபிஎம்மில் வேலை பார்த்த ஹான்ஸ் பீட்டர் லூன் 1954-இல் ஒரு கணக்குக்குக் காப்புரிமை கேட்டார். ஒன்றுவிட்டு ஒன்றாக இலக்கங்களை இரட்டித்து, ஒன்பதைத் தாண்டியதில் ஒன்பதைக் கழித்து, எல்லாவற்றையும் கூட்டினால், மொத்தம் பத்தால் வகுபடும்படி கடைசி இலக்கம் அமைய வேண்டும். ஏடிஎம் கார்டு எண்ணில் ஒரு இலக்கத்தைத் தப்பாக அடித்தாலும் மாட்டிக்கொள்வது இதனால்தான். 1961-இல் வெஸ்லி பீட்டர்சன், தரவைக் கணக்கிட்டு வரும் விடையை வைத்துப் பிழை பிடிக்கும் சிஆர்சியைக் கொடுத்தார். ஜிப் ஃபைலைத் திறக்கும்போது எரிச்சலூட்டும் 'சிஆர்சி எரர்' அதன் வாரிசு.

இந்த இரண்டுக்கும் எதிரி கைப்பிழையும் கம்பியில் வரும் இரைச்சலும்தான். வேண்டுமென்றே ஏமாற்ற நினைப்பவனுக்கு சிஆர்சி ஒரு பொருட்டே இல்லை. ஃபைலைத் திருத்திவிட்டுப் பழைய விடையே வரும்படி செய்துவிடலாம். இப்படி ஏமாற்ற முடியாதபடி 1991-இல் எம்ஐடியின் ரொனால்ட் ரிவெஸ்ட், 32 எழுத்தில் விடை தரும் எம்டி5-ஐ வடிவமைத்தார். 2004-இல் சீனாவின் வாங் சியாயுன் குழு, ஒரே எம்டி5 வரும் வெவ்வேறு தரவுகளைக் காட்டி அதன் கதையை முடித்தது. எஸ்எச்ஏ-256 அதற்குள் தயாராக இருந்தது. 2002-இல் அமெரிக்கத் தரநிலையாகிவிட்டது. ஃபைலில் ஒரு பிட் புரண்டாலும் அந்த 64 எழுத்து வரியே குலைந்துபோகும்.

விண்டோஸில் இதைப் பார்க்கத் தனி மென்பொருள் வேண்டாம், சர்ட்யூட்டில் கட்டளை போதும். வரி ஒத்துவரவில்லையா, முதலில் சைஸைப் பாருங்கள். குறைந்தால் டவுன்லோட் பாதியில் அறுந்திருக்கிறது. எம்டி5 பார்க்கும்போது விடை 'டி41டி8சிடி9' என்று ஆரம்பித்தால் சிரித்துக்கொள்ளலாம்: காலி ஃபைலுக்கு எப்போதும் வரும் விடை அது, ஒரு பைட்டுகூட இறங்கவில்லை. சைஸ் சரி, வரி வேறு என்றால் பதிப்பு மாறியிருக்கலாம் அல்லது உள்ளே கெட்டிருக்கலாம். வரி அச்சாகப் பொருந்தியும் பூட் ஆகாவிட்டால் ஐஎஸ்ஓவைப் பழிக்காதீர்கள். முக்கால்வாசி நேரம் ஃபைலைப் பென்டிரைவில் வெறுமனே காப்பி செய்திருப்பார்கள், அதற்கான கருவியால் எழுதியிருக்க மாட்டார்கள்.

இவ்வளவு பார்த்தும் ஏமாறலாம். 2016 பிப்ரவரி 20 அன்று லினக்ஸ் மின்ட் தளத்துக்குள் புகுந்தவர்கள், 17.3 சின்னமன் பதிப்பின் சுட்டியைப் பின்கதவு வைத்த ஐஎஸ்ஓவுக்குத் திருப்பிவிட்டார்கள். தளமே திருடன் கையில் இருக்கும்போது, சுட்டியை மாற்றியவனுக்குப் பக்கத்திலிருக்கும் வரியை மாற்ற எவ்வளவு நேரமாகும்? அந்த வரிப் பட்டியலுக்கே ஜிபிஜி கையொப்பம் இட்டுத் தருவது இதற்காகத்தான். கையொப்பமிடும் ரகசியச் சாவியைத் தளத்தில் வைக்காமல் தயாரித்தவர்களே வைத்திருப்பார்கள். கையொப்பத்தைச் சரிபார்க்கும் பொதுச் சாவியை மட்டும், சந்தேகப்படும் அதே பக்கத்திலிருந்து எடுக்காமல், வேறு வழியில் வாங்கிக்கொள்ள வேண்டும்.