கட்டியும் புற்றும்

தமிழில் ‘கட்டி’ என்னும் ஒரு சொல் எத்தனையோ பொருள்களைச் சுமந்து நிற்கிறது. சீழ் பிடித்துப் பழுத்து உடைவதும் கட்டி. நீர் நிறைந்த சிறு பையும் கட்டி. நார்த்திசு திரண்டு உருண்டையாவதும் கட்டி. உயிரைக் குடிக்கும் புற்றும் கட்டியே. வடக்கே குடியேறிய நம்மவர் அங்குள்ள மருத்துவமனைகளில் கேட்கும் ‘காண்ட்’ என்ற இந்திச் சொல்லும் இத்தகையதுதான். கயிற்றில் விழும் முடிச்சுக்கும் மார்பில் தென்படும் திரட்சிக்கும் அது பொதுப் பெயர். இலத்தீன் மொழியில் ‘டியூமர்’ என்பதற்கு வீக்கம் என்பதற்கு மேல் பொருள் கிடையாது. பெயர் ஒன்றாக இருந்தவரை அச்சமும் ஒன்றாகவே இருந்தது. பல காலம் சிகிச்சையும் ஒன்றாகவே இருந்தது. மார்பகத்தில் தோன்றும் திரட்சிகளில் பெரும்பாலானவை புற்று அல்ல என்பதை இன்று மருத்துவர் யாவரும் அறிவர். அந்த அறிவு எவ்வாறு, எவ்வளவு தாமதமாக வந்தது என்பதை இங்கே காண்போம்.

1811-ஆம் ஆண்டு செப்டம்பர் 30-ஆம் நாள், பாரிஸ் நகரில், ஆங்கில நாவலாசிரியை ஃபேன்னி பர்னி அம்மையாருக்கு வலப்புற மார்பகம் அகற்றப்பட்டது. கத்தியைக் கையாண்டவர்களுள் முதல்வர் நெப்போலியனுடைய படையின் புகழ்பெற்ற ரண வைத்தியர் லாரே. ஈதர் மயக்கமருந்து பயன்பாட்டுக்கு வந்தது 1846-இல். ஆகவே அம்மையார் நினைவோடு இருந்தபடியே அவ்வளவையும் தாங்கினார். சுமார் இருபது நிமிடம் நீடித்த அந்த வேதனையை, பல மாதங்கள் கழித்துத் தம் சகோதரிக்கு ஒரு நீண்ட கடிதமாக எழுதினார். பிற்காலத்து வாசகர்களைத் திகைக்கச் செய்வது மற்றொரு செய்தி. அப்போது அவருக்கு வயது 59. அதன் பின்னும் 28 ஆண்டுகள் உயிர் வாழ்ந்து, 87-ஆவது வயதில் 1840-இல் மறைந்தார். அகற்றப்பட்டது மெய்யாகவே புற்றுத்தானா என்று பிற்கால மருத்துவர் சிலர் ஐயுற்றனர். அந்த ஐயத்தைத் தீர்க்க இனி வழியில்லை. கட்டிகளை மைக்ராஸ்கோப்பின் கீழ் வைத்து வகைப்படுத்தும் முயற்சி, 1838-இல் பெர்லின் பேராசிரியர் யோஹன்னஸ் மூல்லர் வெளியிட்ட நூலோடுதான் உருப்பெற்றது. அதற்கு முன் மருத்துவனுக்குக் கண்ணும் விரலுமே துணை.

அந்த விரல்களைக் கொண்டே நெடுந்தூரம் சென்றவர் ஒருவர் உண்டு. லண்டன் கைஸ் மருத்துவமனையின் ஆஸ்ட்லி கூப்பர் 1829-இல் மார்பக நோய்கள் பற்றி ஒரு நூலின் முதற்பகுதியை வெளியிட்டார். புற்றல்லாத கோளாறுகளுக்கு என்றே ஒதுக்கப்பட்ட பகுதி அது. புற்றைப் பற்றிய இரண்டாம் பகுதி வெளிவரவே இல்லை. தற்செயலாக நேர்ந்ததுதான் எனினும், உலகம் முழுதும் புற்றையே நினைத்து நடுங்கிய நாளில், புற்றல்லாததைப் பற்றி ஒரு தனி நூல் நமக்குக் கிடைத்தது. நீர்ப்பைகளை அவர் தனியே விவரித்தார். இளம் பெண்களின் மார்பகத்தில் உருண்டு திரண்டு, தொட்டால் வழுக்கி நகரும் நார்க்கட்டியைத் தனி நோயாகப் பிரித்துக் காட்டினார். (இக்கட்டி விரலுக்கு அகப்படாமல் ஓடுவதால், ஆங்கில மருத்துவ மாணவர் இதற்கு ‘மார்பகச் சுண்டெலி’ என்று செல்லப் பெயர் சூட்டியுள்ளனர்.) கட்டி ஏதுமின்றி வலி மட்டும் காணும் பெண்களைப் பற்றியும் எழுதினார், மாதவிலக்குக்கு முன் அவ்வலி மிகுவதைக் கவனித்தார். அத்தகைய பெண்களின் மனப்பாங்கின் மீது அவர் சிறிது பழி சுமத்தியதை மட்டும் நம்மால் ஏற்க இயலவில்லை. அந்த வழக்கம் அவரோடு ஒழியவும் இல்லை.

1840-இல் அவர் வெளியிட்ட உடற்கூற்று நூல் இதனினும் அரியது. பாலூட்டும் பருவத்தில் இறந்த பெண்களின் மார்பகங்களில், காம்பின் நுண்துளைகள் வழியே பல வண்ண மெழுகைச் செலுத்தி, பால் குழாய்கள் மரக்கிளைபோல் பிரிந்து செல்வதைப் படமாக்கினார். பெரும்பாலும் ஏழு முதல் பத்துக் குழாய்களையே தம்மால் நிரப்ப முடிந்தது என்று குறித்து வைத்தார். பின்வந்த பாடநூல்கள் அதைப் பொருட்படுத்தாது, பதினைந்து முதல் இருபது என்றே எழுதிவந்தன. 2005-இல் மேற்கு ஆஸ்திரேலியாவில், பாலூட்டும் தாய்மாரை அல்ட்ராசவுண்டு கருவியால் ஆராய்ந்தவர்கள் எண்ணிக் கண்டது சராசரி ஒன்பது. கூப்பருக்குப் பாடம் சொன்ன அந்தப் பெண்களின் பெயர்களோ நூலில் இல்லை.

கூப்பருக்குப் பின் வந்தவர்கள் ஆளுக்கொரு பெயர் சூட்டினர். 1883-இல் பாரிஸில் ரெக்லு நீர்க்கட்டிகள் மலிந்த நிலையை விவரிக்க, அது அவர் பெயராலேயே வழங்கலாயிற்று. ஜெர்மனியில் ஷிம்மல்புஷ் 1890-இல் வேறொரு பெயர் இட்டார். 1893-இல் கோனிக் அதனை ‘நாட்பட்ட நீர்க்கட்டி அழற்சி’ என்றார். அழற்சியே இல்லாத ஒன்றுக்கு அழற்சி என்று பெயர்! மொழிபெயர்ப்புத் தொழிலில் இருப்போருக்கு இத்தகைய பெயர்கள் பெருந்தொல்லை. சொல்லுக்குச் சொல் நேராக எழுதினால் பிழையும் கூடவே வந்துவிடும்.

இதற்கிடையே அமெரிக்காவில் பால்டிமோர் நகரில் ஹால்ஸ்டெட் என்ற மேதை, மார்பகத்தோடு அதன் கீழுள்ள மார்புத் தசைகளையும் அக்குளின் நிணநீர் முடிச்சுகளையும் சேர்த்து அகற்றும் முறையை வகுத்து, 1894-இல் ஐம்பது நோயாளிகளின் விவரத்தை வெளியிட்டார். அம்முறை முக்கால் நூற்றாண்டுக்கு மேலாகக் கோலோச்சியது. பெண் மயக்கத்தில் இருக்கையிலேயே கட்டியின் சிறு துண்டை உறையவைத்துச் சோதிப்பதும், புற்று எனத் தீர்ப்பு வந்தால் அதே மேசையில் மார்பகத்தை அகற்றிவிடுவதும் பின்னர் வழக்கமாயின. கையெழுத்திட்டுப் படுத்த பெண், எந்த உடலோடு எழுவோம் என்று அறியாமலே கண்ணை மூடினாள். தீர்ப்புச் சொல்பவர் தவறினால் அதன் விலை எவ்வளவு என்பதை எண்ணிப் பார்க்கலாம்.

அந்தத் தீர்ப்பைச் செம்மைப்படுத்த வாழ்நாளைச் செலவிட்டவர் ஹால்ஸ்டெட்டின் மாணவரான ஜோசப் பிளட்குட். அறுவை மருத்துவம், நோய்க்கூற்றியல் இரண்டிலும் வல்லவரான அவர், கத்தி படும்போது நீல நிறக் குமிழாகத் தோன்றும் நீர்க்கட்டியைக் கண்டால் மார்பகத்தை அகற்ற வேண்டியதில்லை என்று வாதிட்டார். 1923-இல் மற்றொன்றையும் விவரித்தார். காம்பின் அடியில், பிசைந்த மாவுபோல் மெத்தென்று, புழுக்கள் சுருண்டு கிடப்பதுபோல் விரலுக்குத் தட்டுப்படும் திரட்சி. உள்ளே பார்த்தால் விரிந்துபோன பால் குழாய்களே. நடுவயதில் சில பெண்களுக்கு இக்குழாய்கள் அகன்று, பசை போன்ற பொருள் அவற்றில் தேங்குகிறது. சில வேளை அது பச்சையாகவோ கறுப்பாகவோ காம்பில் கசிகிறது. சுற்றுச்சுவர் தடித்துச் சுருங்கினால் காம்பு உள்ளிழுக்கப்படுகிறது. கடினத் திரட்சி, உள்ளிழுத்த காம்பு, கசிவு என எல்லாமே புற்றின் வேடம். 1933-இல் அடேர் இதன் அழற்சி வடிவத்துக்கு, அதில் மலிந்திருந்த ஒருவகை உயிரணுவின் பெயரையே இட்டார். இறுதியில் 1951-இல் நியூயார்க்கின் ஹாகன்சன், ‘டக்ட் எக்டேசியா’ என்ற பெயரில் இக்கோளாறு முழுவதையும் ஒன்றுசேர்த்து விளக்கினார். இது புற்றைப்போல் நடிக்கக்கூடும் என்ற எச்சரிக்கையைக் கட்டுரையின் தலைப்பிலேயே பொறித்தார். ‘எக்டேசிஸ்’ என்ற கிரேக்கச் சொல்லுக்கு விரிவு, நீட்சி என்றே பொருள். ஆதலின் ‘பால் குழாய் விரிவு’ என்று நாம் கூசாமல் எழுதலாம். பெயர்களின் இந்தக் கூட்டத்தில், உள்ளதை உள்ளபடி சொல்லும் பெயர் இது ஒன்றுதான் என்பது என் கருத்து.

ஆயினும் ‘ஃபைப்ரோசிஸ்டிக் நோய்’ என்ற பரந்த பெயர் ஆட்சியை விடவில்லை. மாதவிலக்கை ஒட்டிய கனமும் வலியும் முண்டும் முடிச்சும் எல்லாம் அதனுள் அடங்கின. 1960-களிலும் 1970-களிலும் அமெரிக்காவில், அது ஒருநாள் புற்றாகும் என்ற அச்சத்தால், தோலை மட்டும் விட்டு உள்ளிருப்பதை முன்கூட்டியே அகற்றும் அறுவையும் நடந்தது. 1982-இல் சூசன் லவ் அம்மையாரும் அவருடைய தோழர்களும், இது ‘நோயல்லாத நோய்’ தானே என்று கேள்வி எழுப்பினர். 1985-இல் நாஷ்வில் நகரத்து டூபான்ட், பேஜ் இருவரும் பதினாயிரத்துக்கு மேற்பட்ட பழைய திசுத் துண்டுகளை மீண்டும் ஆராய்ந்து, அவற்றுக்குரிய பெண்களில் 3,300 பேரின் வாழ்வைப் பதினேழு ஆண்டளவு தொடர்ந்து கண்டனர். தீங்கற்ற கட்டிக்காக அறுவை செய்துகொண்டவர்களில் நூற்றுக்கு எழுபது பேருக்குப் புற்று வரும் வாய்ப்பு மற்றப் பெண்களைவிடக் கூடுதலாக இல்லை. உயிரணுக்கள் முறை பிறழ்ந்து பெருகியிருந்த ஒரு சிறு தொகுதிக்கே, நூற்றுக்கு நான்கு பேரளவில், அது நான்கைந்து மடங்காக உயர்ந்திருந்தது.

1987-இல் வேல்ஸ் நாட்டுக் கார்டிஃப் நகரிலிருந்து ஹியூஸ், மேன்செல், வெப்ஸ்டர் ஆகிய மூவர் வெளியிட்ட கருத்து இந்தக் குழப்பத்துக்கு ஓர் ஒழுங்கு தந்தது. மார்பகம் வளரும் பருவம், மாதந்தோறும் மாறும் பருவம், ஒடுங்கும் பருவம் என மூன்றைக் கடக்கிறது. வளரும் பருவத்தின் சிறு பிசகு நார்க்கட்டி. மாற்றத்தின் பிசகு வலியும் முண்டும். ஒடுக்கத்தின் பிசகு நீர்க்கட்டியும் பால் குழாய் விரிவும். இயல்புக்கும் நோய்க்கும் இடையே மதில் இல்லை, சரிவான பாதையே உண்டு என்பது அவர்கள் கொள்கை. காம்பைச் சுற்றி மீண்டும் மீண்டும் வரும் அழற்சி, புகை பிடிக்கும் இளம் பெண்களிடம் மிகுதி என்பதும் பின்னர் தெளிவாயிற்று.

இன்று தில்லியிலோ மும்பையிலோ நம் வீட்டுப் பெண் ஒருத்தியின் பரிசோதனைச் சீட்டில் ‘டக்ட் எக்டேசியா’ என்று எழுதியிருந்தால், பெரும்பாலும் சிகிச்சையே தேவைப்படுவதில்லை. தொற்று ஏற்பட்டால் மருந்து. தொல்லை ஓயாவிடில், 1960-இல் ஹாட்ஃபீல்டு விவரித்தபடி காம்பின் அடியிலுள்ள குழாய்களை மட்டும் அகற்றும் அறுவை. புதிதாகத் தென்படும் திரட்சியையும், புதிதாக உள்ளிழுத்த காம்பையும், இரத்தமோ தெளிந்த நீரோ அழுத்தாமலே ஒரே துளை வழியாகக் கசிவதையும் மருத்துவர் தனியே ஆராய்வர். அத்தகைய கசிவுக்கும் பெரும்பாலும் காரணம், குழாயினுள் வளரும் பாப்பிலோமா என்ற தீங்கற்ற சிறு வளர்ச்சியே. அதையும் படமும் ஊசிச் சோதனையும் பார்த்த பிறகே அவர்கள் சொல்வார்கள்.