வெரோனிகாவின் முகம்: தத்தியானா சமோய்லவாவின் நடிப்பைப் பற்றி ஓர் ஆய்வு

1958ஆம் ஆண்டு கான் திரைப்பட விழாவில் தங்கப் பனை விருதைப் பெற்ற ‘கொக்குகள் பறக்கின்றன’ என்னும் ரஷ்யப் படத்தைப் பற்றி எழுதுவோர், அதன் மகிமை முழுவதையும் இயக்குநர் மிகயீல் கலத்தோசவுக்கும் ஒளிப்பதிவாளர் செர்கேய் உருசேவ்ஸ்கிக்குமே உரியதாக்கி, வெரோனிகாவாகத் தோன்றிய தத்தியானா சமோய்லவாவை அவர்களுக்கு வாய்த்த அழகிய முகம் என்ற அளவில் முடித்துவிடுவது வழக்கமாயிருக்கிறது. இந்த அபிப்பிராயம் அந்த நடிகைக்குப் பெரிய அநீதி செய்கிறது.

விக்தர் ரோசவின் நாடகத்திலிருந்து பிறந்த அக்கதையில், காதலன் போரிஸ் யுத்தத்திற்குப் போனபின், அவன் இறந்த செய்தி எட்டாத நிலையிலேயே, வெரோனிகா அவனுடைய ஒன்றுவிட்ட சகோதரன் மார்க்கை மணந்துகொள்கிறாள். காத்திருக்கும் கற்பரசிகளையே யுத்தகால நாயகிகளாகக் கண்டு பழகிய ரஸிகர்கள் இவளைச் சபிக்காமல் இவளோடு சேர்ந்து துயருற்றார்கள் என்றால், அதைச் சாதித்தது எந்தக் காமிரா? குண்டுவீச்சு ஓய்ந்ததும், எரியும் மாடிப்படிகளில் ஓடியேறித் தன் வீட்டுக் கதவைத் திறக்கிறாள். உள்ளே அறையில்லை, வெட்டவெளிதான் இருக்கிறது. சுவர்க் கடிகாரம் மட்டும் ஓடிக்கொண்டிருக்கிறது. அவள் ஓட்டத்தை உருசேவ்ஸ்கி அற்புதமாகக் காட்டினார், ஐயமில்லை. ஆனால் ஓட்டம் நின்ற அந்த வாசலில், பெற்றோரை இழந்தவளின் திகைப்பைத் தாங்கி நிற்பது சமோய்லவாவின் முகமேயாகும். பின்னர் அவள் செய்யும் பிழைக்கும் நம் மனம் இரங்குவதற்கான வித்து அங்கேதான் விழுகிறது.

என் வாதத்திற்கு இரண்டு சான்றுகள் உண்டு. சைபீரியக் காட்டில் வைரம் தேடிச் செல்லும் நிலவியலாரைப் பற்றிய ‘அனுப்பப்படாத கடிதம்’ படத்தில் இதே மூவரும் மறுபடி கூடினார்கள். காட்டுத்தீயையும் புகையையும் படம்பிடித்த திறமை முந்தைய படத்தையே மிஞ்சுவதாக இருந்தும், இயற்கையின் பிரும்மாண்டத்தில் மனிதர் சிறுத்துப்போய், நடிகைக்குரிய இடம் குறுகியதால், வெரோனிகாவைக் கண்டு கலங்கிய நெஞ்சு இங்கே அவ்வளவாகக் கலங்குவதில்லை. மாறாக, கலத்தோசவும் உருசேவ்ஸ்கியும் சம்பந்தப்படாமல் அலெக்சாந்தர் சார்ஹி 1967இல் எடுத்த ‘அன்னா கரீனினா’வில், மகன் செர்யோஷாவின் பிறந்தநாளன்று அவனைக் காண மறைவாக வரும் தாயின் தவிப்பு முழு வேகத்தோடு நம்மை வந்து சேர்கிறது.

இத்தகைய நடிகைக்குப் பிரதான பாத்திரங்கள் சிலவே கிடைத்ததைத் திறமைக்குறைவென்று கொள்வோரும் உளர். எந்தப் படம் எடுப்பது, எவருக்கு எந்த வேஷம் என்பதையெல்லாம் அரசாங்க ஸ்டூடியோக்களே தீர்மானித்த தேசத்தில், திடசித்தமுடைய தொழிலாளிப் பெண்ணாகவோ களங்கமற்ற வீராங்கனையாகவோ எளிதில் வார்த்துவிட முடியாத முகம் அவருடையது. அன்னாவுக்குப் பின் அதற்கு ஈடான பாத்திரம் ஒன்று 2014இல் அவர் மறையும்வரை வந்து சேரவில்லை. இந்தக் குறையை நடிகையின் கணக்கில் எழுதுவது ஆய்வாளருக்குத் தகாது.