பாரிஸில் நொறுங்கிய மெஷின்

வில்லியனூரிலோ பாகூரிலோ ஆட்டோ சீட், சோபா தைக்கிற கடை போட மெஷின் பார்க்கிறீர்களா? கொஞ்சம் பொறுங்கள். ஒரு காலத்தில் அந்த ஊர்களை ஆண்ட பிரெஞ்சுக்காரர்களின் தலைநகருக்கு ஒரு நடை போய்விட்டு வருவோம்.

பார்த்தலெமி திமோனியே என்ற ஏழைத் தையற்காரர் 1830-ல் தையல் மெஷினுக்குக் காப்புரிமை வாங்கினார். பாரிஸில் ராணுவச் சீருடை தைக்க சுமார் 80 மெஷின்கள் ஓடின. பிழைப்பு போய்விடும் என்று பயந்த தையற்காரர்கள் 1831-ல் உள்ளே புகுந்து அத்தனையையும் நொறுக்கினார்கள். 1857-ல் வறுமையிலேயே செத்துப்போனார் மனுஷர். பாவம்!

அவருடையது ஒற்றை நூல் சங்கிலித் தையல். ஓரிடத்தில் அறுந்தால் மளமளவென்று பிரிந்துவிடும். சீட்டுக்கு ஆகுமா? மேல்நூலும் பாபின் நூலும் பின்னிக்கொள்ளும் தையலுக்கு 1846-ல் அமெரிக்காவின் எலியாஸ் ஹோவ் காப்புரிமை வாங்கினார். இன்று வீட்டு மெஷினில் இருப்பதும் அதே தையல்தான்.

அப்படியானால் வீட்டு மெஷினே போதாதா? போதாது. அதில் அடியிலுள்ள பல் மட்டுமே துணியை இழுக்கும். ஃபோம் வைத்து ரெக்ஸினைத் தைத்தால் அடித்துணி முன்னே ஓடும், மேலே இருப்பது பின்தங்கிச் சுருங்கும். 'வாக்கிங் ஃபுட்' மெஷினில் மேலேயிருக்கிற பாதமும் கூடவே நடந்து வரும். ஊசியும் சேர்ந்து நகர்ந்தால் இன்னும் உத்தமம். கடைக்காரர் மோட்டார் வேகத்தைச் சொல்லி மயக்குவார். மயங்காதீர்கள்! ரெக்ஸின் துண்டைக் கையோடு கொண்டுபோய், நாலாக மடித்து, மெதுவாக ஓட்டித் தைத்துக் காட்டச் சொல்லுங்கள்.