களிமண்ணில் பொறித்த பெயர்கள்

1974ஆம் ஆண்டு சீனாவின் சியான் நகருக்குக் கிழக்கே உழவர் சிலர் கிணறு வெட்டினர். மண்வெட்டியில் சிக்கியவை சுட்ட மண்ணாலான மனித உருவின் துண்டுகள். முதல் பேரரசன் சின் ஷி ஹுவாங்கின் கல்லறையருகே இரண்டாயிரம் ஆண்டுகளுக்கு மேலாகப் புதைந்திருந்த சுடுமண் படை இவ்வாறு வெளிப்பட்டது. வீரர்கள் ஏறத்தாழ 8,000 பேர் என மதிப்பிடுகின்றனர்.

கி.மு. 221இல் எதிரி நாடுகள் அனைத்தையும் வென்று முடித்த இம்மன்னன், அங்கங்கே இருந்த படைக்கலன்களைத் திரட்டி உருக்கி, பன்னிரண்டு மாபெரும் உலோகச் சிலைகளை வார்த்துத் தலைநகர் சியன்யாங்கில் நிறுத்தினான் என்று வரலாற்றாசிரியர் சிமா சியன் எழுதுகிறார். தோற்றவனின் வாளே வென்றவனின் கலையாயிற்று! கி.மு. 213இல் நூல்களை எரிக்க ஆணையிட்டவனும் இவனே. கலையைப் போற்றினானா, ஏவல் கொண்டானா? பின்னதே உண்மை என்பது என் எண்ணம்.

ஆயினும் அந்தக் கைவண்ணத்தை என்னென்பது! கால்கள் கெட்டியான களிமண். உடல், களிமண் திரிகளை வளையம் வளையமாக அடுக்கி எழுப்பிய உள்ளீடற்ற கூடு. தலையைத் தனியே செய்து பொருத்தினர். மீசையும் இமையும் கொண்டை முடிச்சும் கையாலேயே திருத்தப்பட்டதால் முகங்கள் வெவ்வேறாய்த் தோன்றுகின்றன. அனைத்திற்கும் வண்ணமும் தீட்டியிருந்தனர். தோண்டி எடுத்தபோது, காற்றுப் பட்ட சில நிமிடங்களிலேயே அடியிலிருந்த அரக்குப் பூச்சு சுருண்டு, வண்ணம் உதிர்ந்து போயிற்று.

அங்கியின் ஓரத்தில், எளிதில் கண்ணில் படாத இடங்களில், சில எழுத்துகள் உள்ளன. அவை செய்தவர்களின் பெயர்கள். சிலவற்றின் முன் ‘அரண்மனை’ என்ற எழுத்து. சிலவற்றின் முன் சியன்யாங் என்ற ஊர்ப்பெயர். எண்பதுக்கும் மேற்பட்ட பெயர்கள் கிடைத்துள்ளன. கலைஞன் பெருமிதத்தோடு இட்ட கையொப்பம் என்றெண்ணி நான் முதலில் மகிழ்ந்தேன். உண்மை வேறு. பொருளில் குறை கண்டால் யாரைப் பிடித்துத் தண்டிப்பது என்பதற்காகவே பெயர் பொறிக்கும் முறை சின் அரசில் இருந்தது.

கல்லறைப் பணிக்கு 7,00,000 பேர் அனுப்பப்பட்டனர் என்றும், கி.மு. 210இல் இறந்த மன்னனை அடக்கம் செய்தபின், இரகசியம் வெளியேறாதபடி உள்ளிருந்த கைவினைஞர்களை வாயிலை அடைத்து விட்டுவிட்டனர் என்றும் சிமா சியன் கூறுகிறார். நான்கே ஆண்டுகளில் அரசு அழிந்தது. உலோகச் சிலைகளுள் பெரும்பாலானவற்றைப் பிற்காலத்தில் டோங் ஜுவோ என்ற படைத்தலைவன் நாணயமாக உருக்கிவிட்டான்.

சுடுமண் படையைப் பற்றிச் சிமா சியன் ஒரு சொல்லும் எழுதவில்லை. அதைச் செய்தவர்களின் பெயர்களைத் தண்டனைக்கெனப் பொறிக்கச் செய்த அதிகாரிகளே நமக்குக் காத்துத் தந்திருக்கின்றனர்.