சேலத்துப் படத்தில் ஒலித்த குரல்

இந்த மலருக்காக எல்லாக் குழுக்களிலும் போட்டோ கேட்டோம். "பேரு மட்டும் போட்டுக்கங்க, போட்டோ வேண்டாங்க. ஊர்ல ஒரு மாதிரி பேசுவாங்க" என்றார் ஓர் அக்கா. பதினான்கு வருஷமாகக் குழுக் கணக்கில் ஒரு ரூபாய் பிசகாமல் பார்த்துக்கொண்டவர். அன்றைக்கு எனக்குப் பதில் சொல்ல வரவில்லை. வீட்டுக்கு வந்த பிறகுதான் தவமணி தேவி ஞாபகத்துக்கு வந்தார்.

சேலத்திலிருந்து ஏற்காடு போகிற ரோட்டில் மாடர்ன் தியேட்டர்ஸ் வளைவைப் பார்த்திருப்பீர்கள். அந்த ஸ்டுடியோவைத் தொடங்கிய டி.ஆர்.சுந்தரம் நம்ம திருச்செங்கோட்டுக்காரர். இங்கிலாந்தில் ஜவுளித் தொழில் படித்துவிட்டு வந்து சினிமாவில் இறங்கியவர். மாடர்ன் தியேட்டர்ஸின் முதல் படம் 1937இல் வந்த 'சதி அகல்யா'. அகலிகையாக நடித்தவர் இலங்கை யாழ்ப்பாணத்திலிருந்து வந்த கே.தவமணி தேவி.

அப்போது பின்னணிப் பாட்டு வழக்கத்துக்கு வரவில்லை. நடிக்கிறவரே கேமரா முன்னால் பாட வேண்டும். வாத்தியக்காரர்கள் படத்தில் தெரியாமல் ஒதுங்கி உட்கார்ந்து வாசிப்பார்கள். வசனமும் பாட்டும் பாவமும் ஒரே மூச்சில் வர வேண்டும். ஒன்று தப்பினாலும் திரும்ப முதலிலிருந்துதான். தவமணி தேவிக்குப் பாட்டும் தெரியும், நாட்டியமும் தெரியும்.

ஆனால் ஊர் பேசியது வேறு. படத்துக்கு விளம்பரமாக அவர் நீச்சலுடையில் இருக்கிற போட்டோக்கள் வெளிவந்தன. 1937இல் அது எவ்வளவு பெரிய பேச்சாகியிருக்கும் என்று யோசித்துப் பாருங்கள்! 1941இல் 'வனமோகினி'யில் எம்.கே.ராதாவோடு காட்டுப் பெண்ணாக நடித்தார். படமும் ஓடியது, அவர் பாட்டுகளும் பரவின. அப்போதும் உடையைப் பற்றித்தான் பேச்சு. 1946இல் 'வித்யாபதி', 1947இல் எம்.ஜி.ஆர். முதன்முதலாகக் கதாநாயகனாக வந்த 'ராஜகுமாரி' என்று நடித்தவர், பிறகு சினிமாவை விட்டு ராமேஸ்வரத்தில் குடியேறினார். 2001இல் அங்கேயே காலமானார்.

அந்தக் காலத்துப் படங்கள் பலவற்றுக்கு இன்று பிரதியே கிடையாது. அவரைப் பற்றி எழுதுகிறவர்கள் இன்றும் அந்த நீச்சலுடையில்தான் ஆரம்பிக்கிறார்கள். பாடின குரல் பின்னால் போய்விட்டது. பேசுகிறவர்கள் எப்படியும் பேசிவிடுகிறார்கள். செய்த வேலையை எழுதி வைக்கத்தான் ஆள் இல்லை.

நம்ம குழுக்களில் எழுதி வைக்கிற பழக்கம் முதலிலிருந்தே உண்டு. 1989இல் தருமபுரியில் தொடங்கிய சுய உதவிக் குழுத் திட்டம், பிறகு சேலம் மாவட்டத்துக்கு வந்தது. நாமக்கல் அப்போது தனி மாவட்டம் ஆகவில்லை. கையெழுத்துப் போடத் தெரியாதவர்கள்கூடத் தீர்மானப் புத்தகத்தில் கைநாட்டு வைத்தோம். யார் வந்தார், யார் கடன் வாங்கினார், யார் கட்டினார் எல்லாம் அதில் இருக்கிறது. யாராலும் அதை மாற்றிப் பேச முடியாது.

அதனால் இந்த மலரில் ஒவ்வொரு போட்டோவுக்குக் கீழேயும் பேர் மட்டும் போடவில்லை. அவர் என்ன பொறுப்பில் இருந்தார், என்ன செய்தார் என்றும் இரண்டு வரி சேர்த்திருக்கிறோம்.

இதை அச்சுக்குக் கொடுக்கும் முன் அந்த அக்காவுக்குப் படித்துக் காட்டினேன். கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார்.

"சரி, எடுங்க. ஆனா கையில கணக்கு நோட்டு இருக்கோணும்" என்றார்.