கெத் என்னும் விடுதலைச் சீட்டு

கெய்ரோ மாநகரின் பழம்பகுதியாகிய ஃபுஸ்தாத்தில் பென் எஸ்ரா என்னும் யூதர்களின் ஜெப ஆலயம் ஒன்றுண்டு. இறைவனின் திருநாமம் எழுதப்பெற்ற தாளைக் குப்பையில் எறிதல் ஆகாது என்னும் பேணுதலால், பயன் தீர்ந்த ஏடுகளை அவ்வாலயத்தின் அறையொன்றில் பல நூற்றாண்டுகளாகப் போட்டு வைத்தனர். 1896-97இல் சாலமன் ஷெக்டர் என்னும் அறிஞர் அவற்றின் பெரும்பகுதியைக் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்துக்குக் கொண்டு சென்றார். திருமண ஒப்பந்தங்கள், மணவிலக்குச் சீட்டுகள், வணிகர் மடல்கள் என அவற்றுள் இல்லாதது இல்லை. பலவற்றின் எழுத்து ஹீப்ரு, மொழியோ அரபு. தமிழை அரபு எழுத்தில் வரைந்த நம் முன்னோரின் அர்வி ஏடுகளைக் கண்டவர்க்கு இது வியப்பளிக்காது.

அம்மடல்களுள் ஒன்று, வாணிபத்துக்காக இந்தியா வந்து நெடுங்காலம் ஊர் திரும்ப இயலாத ஒருவர் எகிப்திலிருந்த தம் மனைவிக்கு எழுதியது. பிரிவுதான் அவர் விருப்பமென்றால் தாம் குறைகூறப் போவதில்லை என்றும், காத்திருந்த காலம் நெடிது என்றும், முடிவு அவர் கையில் என்றும் எழுதுகிறார். அதே மடலில் மனைவியை எண்ணி ஏங்குவதையும் மறைக்கவில்லை. சபர் போன கணவரின் கடிதத்துக்காகக் காத்திருந்த பாட்டிமார்களை அறிந்த நமக்கு இம்மடல் அயலாகத் தோன்றவில்லை. ஆயின் அப்பெண்ணின் நிலையில் ஒரு வேறுபாடு உண்டு. கணவன் தரும் ஒரு தாளின்றி, எந்த நீதிபதியின் சொல்லாலும் அவர் விடுதலை பெற முடியாது. இத்தாளைப் பற்றியே நாம் ஈண்டு எழுதப் புகுந்தோம்.

மனைவியை விலக்குபவன் சீட்டு எழுதி அவள் கையில் கொடுக்க வேண்டும் என்பது உபாகமத்தின் 24ஆம் அதிகாரத்தில் கண்ட சட்டம். யூதர் இச்சீட்டைக் 'கெத்' என்பர். தமிழ் விவிலியம் 'தள்ளுதற்சீட்டு' என மொழிபெயர்க்கும். நாம் விடுதலைச் சீட்டு என்கிறோம். ஏனெனில், இனி அவள் எந்த ஆடவரையும் மணக்கலாம் என்பதே அதன் உயிரான வாசகம் என்று கி.பி. 200 அளவில் தொகுக்கப்பெற்ற மிஷ்னா கூறுகிறது. வாயால் சொல்லும் விலக்கு யூதரிடம் செல்லாது. சீட்டு அந்தப் பெண்ணுக்கென்றே எழுதப்பட வேண்டும். பெயரிடம் வெறுமையாக விட்ட ஆயத்தப் படிவம் உதவாது. வழக்கில் அது அரமேய மொழியில் பன்னிரண்டு வரிகளாக அமையும். இரு சாட்சிகள் ஒப்பமிடுவர். அவள் கைக்குச் சேர்ந்தபின் மறுமணத்துக்கு மூன்று மாதம் பொறுக்க வேண்டும். நம் இத்தாவை ஒத்தது இது. சினத்தில் நாவை அவிழ்த்துவிட்டு மறுநாள் ஃபத்வா தேடி அலையும் நம்மவர் சிலரை எண்ணும்போது, எழுத்தர், சாட்சி, தாள் என்னும் இத்தடைகளின் நன்மை விளங்கும்.

மற்றொரு தடை பணம். கெத்துபா என்னும் மண ஒப்பந்தத்தில் கன்னிக்கு 200 ஸூஸ், விதவைக்கு 100 ஸூஸ் எனக் குறைந்த அளவு வகுத்தனர். கிதாப் என்னும் சொல்லின் வேரே கெத்துபாவுக்கும் வேர். கி.மு. முதல் நூற்றாண்டில் ஷிமோன் பென் ஷெதாஹ் என்பவர் கணவனின் உடைமை முழுவதையும் இத்தொகைக்குப் பிணையாக்கினார் என்பது மரபு. எளிதில் மனைவியை வெளியேற்ற மனம் வரலாகாது என்பதே நோக்கம். ஃபுஸ்தாத் ஏடுகளில் இத்தொகை முகத்தம், முஅக்கர் என முன்தொகை, பின்தொகையாகப் பிரிக்கப்பட்டிருக்கிறது. பின்தொகையை விட்டுக்கொடுத்து விலக்குப் பெறும் மனைவியின் செயலுக்கு 'இஃப்திதா' என்ற அரபுச் சொல்லே வழங்கியது. குல்உப் பாடத்தை ஓதியவர்க்கு இச்சொல்லின் இடம் தெரியும்.

எனினும் சீட்டு கணவன் கையில்தான். அவன் தொலைந்துபோனால்? அவ்வாறு கட்டுண்டவளை 'அகூனா' என்பர். திருமறையில் வரும் 'முஅல்லகா', தொங்கவிடப்பட்டவள், என்னும் சொல் இங்கே நினைவுக்கு வருகிறது. கணவன் இறந்தான் என்று ஒரே ஒருவர், ஒரு பெண்ணேயாயினும், சாட்சி கூறினால் போதும் என்று யூத அறிஞர் வழக்கமான சாட்சி விதியைத் தளர்த்தினர். கடலில் மட்டும் அத்தளர்வு முழுதும் எட்டவில்லை. கரை காணாத நீரில் வீழ்ந்தவனை இறந்தவனாகக் கொள்ளலாகாது என்றனர். இதற்குத் தல்மூது காட்டும் சான்று சுவையானது. கலமொன்று உடைவதைக் கண்ட ரப்பான் கமலியேல், அதிலிருந்த அக்கீபா மாண்டார் என வருந்திக் கரை சேர்ந்தார். பார்த்தால், அக்கீபா வந்தமர்ந்து சட்டம் பேசுகிறார்! பலகை ஒன்று கிட்டியதாம். வந்த அலைக்கெல்லாம் தலையைத் தாழ்த்தித் தப்பினாராம்.

ஆகவே பயணம் புறப்படுமுன் நிபந்தனைச் சீட்டு எழுதும் வழக்கம் தோன்றியது. தாவூத் (அலை) அவர்களின் படைவீரர்கள் போருக்குப் போகும்போது மனைவியர்க்குச் சீட்டு எழுதிச் சென்றதாகத் தல்மூது கூறும். 'முப்பது நாளில் திரும்பேனாயின் இது விலக்காகுக' என்று எழுதிக் கொடுத்த ஒருவன் கதையும் அதில் உண்டு. கடைசி நாளில் வந்தவனைப் பரிசல்துறை தடுத்தது. அக்கரையில் நின்று, 'இதோ வந்துவிட்டேன், பாருங்கள்' என்று கூவினான். அது வந்ததாகாது என்று தீர்ப்பளித்தார் ஷமூயேல். கொடுமையாகத் தோன்றும். ஆனால் தடையைக் காரணமாக ஏற்றால், எந்த மனைவியும் தன் சீட்டை நம்பி மறுமணம் செய்ய முடியாதே! இந்தியப் பயண வணிகரும் இத்தகைய நிபந்தனைச் சீட்டுகளை எழுதினர்.

ஊரிலேயே இருந்துகொண்டு தர மறுப்பவன் கதை வேறு. ஹஸ்ரத் உதுமான் (ரலி) அவர்களின் ஆட்சிக்காலமாகிய 651ஐ ஒட்டி, இராக்கின் யூதத் தலைமை அறிஞர்கள், விலக்கு வேண்டும் மனைவிக்கு உடனே சீட்டு வாங்கிக் கொடுக்க ஆணையிட்டனர். இல்லையேல் பெண்கள் பிற சமயத்தாரின் நீதிமன்றங்களை நாடுவர் என்பது அவர்கள் கூறிய காரணம். மூஸா இப்னு மைமூன், மேலைநாட்டார் மைமோனிடீஸ் என்பவர், இதே வழியில் நின்றார். ஸலாஹுத்தீனின் அமைச்சர் அல்காழி அல்ஃபாழிலின் ஆதரவு பெற்ற மருத்துவர் அவர். அவருடைய தம்பியும் இந்தியக் கடலில் கலம் மூழ்கி இறந்தவரே. தம்பியின் விதவையும் சிறு பெண்மகவும் இவர் பொறுப்பில் வந்து சேர்ந்தனர். கணவன்மேல் வெறுப்புற்றேன் என்று மனைவி கூறினால் அவனை வற்புறுத்தி விலக்க வேண்டும், அவள் போரில் சிறைப்பட்டவள் அல்லள் என்று அவர் சட்டம் வகுத்தார். ஆனால் கெத்துபாத் தொகையை அவள் இழப்பாள்.

விருப்பமின்றிக் கொடுத்த சீட்டு செல்லாதே என்றால், அதற்கும் அவரிடம் விடை உண்டு. நீதிமன்றம் அடித்து 'விரும்புகிறேன்' என்று சொல்ல வைப்பது வற்புறுத்தலாகாது. அவன் உள்ளம் சட்டத்தையே நாடுகிறது, தீய இச்சைதான் தடுத்தது என்கிறார். மந்திக் ஓதியவர்கள் புன்னகைக்கக்கூடும். ஆயினும் நிர்ப்பந்தத் தலாக் ஹனஃபிகளிடம் நிகழும், ஷாஃபிஈகளிடம் நிகழாது, நியாயமான நிர்ப்பந்தம் மட்டும் விலக்கு என்று நம் மத்ரஸாக்களில் எத்தனை நாள் வாதிட்டிருக்கிறோம்!

ஐரோப்பாவில் காற்று வேறுபக்கம் வீசியது. மாயின்ஸ் நகரத்து ரப்பி கெர்ஷோம் பலதாரத்தையும், மனைவி விருப்பமின்றி விலக்குவதையும் தடுத்தார் என்பர். இது பெண்ணுக்குப் பெரும் அரண். ஆனால் 1171இல் மறைந்த ரப்பேனு தாம், மனைவியின் வெறுப்பை மட்டும் காரணமாக்கிக் கணவனை வற்புறுத்துவதை மறுத்தார். செல்லாத சீட்டோடு அவள் மறுமணம் புரிந்து பிள்ளை பெற்றால், அப்பிள்ளை 'மம்ஸேர்' ஆகும். யூதரிடையே பெரும்பாலோரை அது மணக்க முடியாது. இந்த அச்சத்தால் பின்வந்தோர் பலரும் ரப்பேனு தாமின் பக்கமே சாய்ந்தனர். அச்சத்தில் உண்மை உண்டு என்பதை மறுப்பதற்கில்லை. எனினும் பிறவாத பிள்ளையை எண்ணி, கண்முன் நிற்கும் பெண்ணைக் கட்டி வைத்தனர் என்றே நமக்குத் தோன்றுகிறது. சீட்டுக்கு விலை பேசும் கணவர்க்கு இது வாய்ப்பாயிற்று.

இஸ்ரேலில் 1953ஆம் ஆண்டுச் சட்டம் யூதரின் மணமும் விலக்கும் ரப்பிகளின் நீதிமன்றத்துக்கே உரியவை என்றது. 1995ஆம் ஆண்டுச் சட்டம், தீர்ப்புக்குப் பின்னும் சீட்டுத் தராதவனின் கடவுச்சீட்டு, ஓட்டுநர் உரிமம், வங்கிக் கணக்கு ஆகியவற்றில் கைவைக்கவும் சிறையிலிடவும் அந்நீதிமன்றங்களுக்கு அதிகாரம் அளித்தது. சிறை அதற்கு முன்னரும் இருந்ததுதான். 'விரும்புகிறேன்' என்ற ஒரு சொல்லைச் சொல்ல மறுத்து, அந்நாட்டில் ஒருவர் 32 ஆண்டுகள் சிறையில் இருந்தார். 1994இல் சிறைவாசியாகவே முதுமையில் இறந்தார். அன்றுதான் அவர் மனைவி கட்டு நீங்கினார், விதவையாக.