மலைத்தோட்ட முதலாளியும் பஸ் லைசென்ஸும்

எங்க ஊர் தேவாரத்தில் விடியும் முன்னாலேயே ஏலத்தோட்டத்துக்கு ஆள் ஏற்றும் ஜீப்புகள் கிளம்பிவிடும். ஏறுகிறவரிடம் "நீ என்ன சாதி?" என்று டிரைவர் கேட்டால் இன்றைக்குக் கேஸ் ஆகிவிடும். நூறு வருஷத்துக்கு முன்னால் அப்படி இல்லை. அதை மாற்றப் பார்த்தவர்களில் ஒருவர் நம்ம பக்கத்து மலைத்தோட்டக்காரர்தான்.

தேனி, பெரியகுளம், வத்தலக்குண்டு தாண்டினால் பட்டிவீரன்பட்டி. கீழ்ப்பழனி மலையில் விளையும் காப்பி இறங்கும் ஊர். அங்கே காப்பித் தோட்டமும் வியாபாரமும் உள்ள நாடார் குடும்பத்தில் 1893இல் பிறந்தவர் ஊ.பு.அ. சௌந்தரபாண்டியன். ஆங்கில வழக்கில் டபிள்யூ.பி.ஏ.

1919ஆம் ஆண்டு சீர்திருத்தச் சட்டப்படி 1920இல் சென்னை மாகாண சட்டசபைக்கு முதல் தேர்தல் நடந்தது. தேர்ந்தெடுக்கப்பட்டவர்கள் 98 பேர். சொத்தும் வரியும் உள்ளவர்களுக்கு மட்டுமே ஓட்டு. எங்க பக்கத்து உத்தமபாளையம் பி.டி. ராஜன் தேர்தலில் நின்று உள்ளே போனார். சௌந்தரபாண்டியன் போனது நியமனத்தில். நாடார் மகாஜன சங்கம் பிரதிநிதித்துவம் கேட்டது, நீதிக்கட்சி கைகொடுத்தது. அப்போது அவருக்கு வயது 27.

நியமன உறுப்பினர் என்றாலே வெள்ளைக்காரனுக்குத் தலையாட்டுகிறவர் என்று ஒரு எண்ணம் உண்டு. எனக்கும் இருந்தது. காலனி ஆட்சிகள் எல்லா இடத்திலும் இப்படித்தான் நாற்காலி போட்டன. பிலிப்பைன்ஸிலிருந்து 1907இல் அமெரிக்க நாடாளுமன்றத்துக்குப் போன வணிகர் பெனிட்டோ லெகார்டாவுக்கு அங்கே ஓட்டுப் போடும் உரிமையே கிடையாது. அதனால் நாற்காலி எப்படிக் கிடைத்தது என்பதோடு நிறுத்தாமல், உட்கார்ந்தவர் என்ன செய்தார் என்றும் பார்க்கணும், இல்லீங்களா?

இதற்குக் கொஞ்சம் பின்னால் போகணும். 1897இல் கமுதி கோயிலுக்குள் நாடார்கள் நுழைந்தார்கள். ராமநாதபுரம் சேதுபதி வழக்குப் போட்டார். கீழ்க்கோர்ட், ஹைகோர்ட் என்று போய், 1908இல் லண்டன் பிரிவி கவுன்சிலும் நாடார்களுக்கு அந்தக் கோயிலில் நுழைய உரிமை இல்லை என்று தீர்ப்பளித்தது. இடையில் 1899இல் சிவகாசிக் கலவரம் வேறு.

சரியாக இருபது வருஷம் கழித்து, 1928இல், அதே ராமநாதபுரம் ஜில்லா போர்டின் தலைவர் நாற்காலியில் ஒரு நாடார்: சௌந்தரபாண்டியன்! 1930 வரை அந்தப் பதவியில் இருந்தார்.

அந்தக் காலத்தில் தனியார் பஸ் முதலாளிகள் சிலர் தாழ்த்தப்பட்டவர்களை வண்டியில் ஏற்ற மாட்டார்கள். சௌந்தரபாண்டியன் போட்ட உத்தரவு எளிமையானது: அவர்களை ஏற்ற மறுத்தால் பஸ் லைசென்ஸ் ரத்து. மனசு மாறட்டும் என்று அவர் காத்திருக்கவில்லை. அவரே வியாபாரி. இன்னொரு வியாபாரிக்கு எங்கே வலிக்கும் என்று அவருக்குத் தெரியாதா?

என் தொழிலில் இதை 'பெர்மிஷன்' என்போம். யாரை உள்ளே விடுவது என்பதை ஒவ்வொரு டிரைவரும் கண்டக்டரும் முடிவு செய்துகொண்டிருந்தார்கள். அவர் அந்த அதிகாரத்தை அவர்கள் கையிலிருந்து எடுத்துவிட்டார். அவ்வளவுதான்.

ஆனால் என்னை யோசிக்க வைத்தது வேறு. கமுதி வழக்கில் நாடார்கள் கேட்டது தங்களுக்கான உரிமை. அவர் போட்ட உத்தரவோ தங்களுக்கும் கீழே தள்ளப்பட்டவர்களுக்கானது. அடி வாங்கியவன், தனக்கு அடுத்த படியில் நிற்பவனை அடிப்பதைத்தான் சாதி அடுக்கு எதிர்பார்க்கிறது. அவர் அதைச் செய்யவில்லை. 1929 பிப்ரவரியில் செங்கல்பட்டில் நடந்த முதல் சுயமரியாதை மாநாட்டுக்கு அவரையே தலைவராக உட்கார வைத்ததில் ஆச்சரியம் இல்லை.

1953இல் காலமானார். தி.நகர் பாண்டி பஜாரில் துணி வாங்கும்போது, அந்தப் 'பாண்டி' யார் என்று யாராவது கேட்டால் பட்டிவீரன்பட்டி காப்பித் தோட்டக்காரர் என்று சொல்லுங்கள். அப்படியே அந்த பஸ் கதையையும் சொல்லிவிடுங்கள்.